பழைய இசைத்தட்டுப் பகிர்வு: பாடலோடு தட்டின் விவரமும் வர வேண்டாமா?

கொடுமுடிக்காரன் எழுதியது:

அன்பர்கள் அனைவருக்கும் வணக்கம். கே.பி. சுந்தராம்பாள் அம்மையார் 1908இல் பிறந்த ஊர் எங்கள் கொடுமுடி. அவர் நடித்த படங்கள் விரல்விட்டு எண்ணத் தக்கவை. பாடித் தந்த இசைத்தட்டுகளோ ஏராளம். 1935இல் அவர் திரைக்கு வருவதற்கு முன்பே நாடக மேடையும் தட்டும் அவரைத் தமிழ்நாடெங்கும் கொண்டுசேர்த்துவிட்டன. 1953இல் அவ்வையாராக நடித்தபோது கேட்ட முதிர்ந்த குரலுக்கு முன்னால் இருந்த இளமைக் குரலை அறிய வேண்டுமானால், நிமிடத்துக்கு 78 முறை சுழலும் 78 சுழற்சித் தட்டுகளை விட்டால் வேறு போக்கில்லை. அந்தத் தட்டுகள் இன்று எந்தக் கடையிலும் கிடைப்பதில்லை. முன்பின் அறியாத அன்பர்கள் தம் வீட்டுத் தட்டை ஓடவிட்டு, கணினியில் பதிந்து, ஒரு காசும் வாங்காமல் இணையத்தில் ஏற்றியதால்தான் நாம் அவற்றைக் கேட்கிறோம். இந்த நன்றியை முதலில் சொல்லிவிட்டே என் வேண்டுகோளுக்கு வருகிறேன்.

இவ்வாறு பகிரப்படும் கோப்புகளில் பெரும்பாலும் பாடலின் முதலடியும் பாடியவர் பெயரும் மட்டுமே இருக்கின்றன. தட்டை வெளியிட்ட நிறுவனம் எது, தட்டு எண் என்ன, லேபிளில் ராகமும் தாளமும் அச்சிடப்பட்டிருந்தனவா, பாடலாசிரியர் பெயர் இருந்ததா, மறுபக்கத்தில் எந்தப் பாடல் இருந்தது என்பன ஒன்றும் தெரிவதில்லை. ஒரே பாடலை ஒருவரே நாடகத்திலும் தட்டிலும் பிற்காலத்துப் படத்திலும் பாடியிருக்கக் கூடும். அக்காலத்தில் படத்தின் ஒலித்தடத்திலிருந்து எடுக்காமல், தட்டுக்கென்றே தனியாகப் பாடிப் பதிந்த திரைப்பாடல்களும் பல உண்டு. ஏறக்குறைய 3 நிமிடம் ஓடும் ஒரு பக்கத்துக்குள் அடங்க வேண்டும் என்பதற்காகச் சரணத்தைக் குறைத்தோ நடையை விரைவாக்கியோ பாடியிருப்பார்கள். விவரம் இல்லாமல் கோப்பு மட்டும் கைமாறும்போது இவை எல்லாம் ஒன்றோடொன்று கலந்துவிடுகின்றன. எது எந்த ஆண்டின் குரல் என்று பின்னால் எவராலும் பிரித்துச் சொல்ல முடிவதில்லை.

இன்னொன்றும் என்னை வருத்துகிறது. சில கோப்புகளில் பாடலின் நடுவே, ஆலாபனை உச்சத்தை எட்டும் இடத்தில், பகிர்ந்தவர் தம் பெயரைக் குரலாகப் பதிந்து வைத்திருக்கிறார். அந்தத் தட்டின் வேறு படி எங்கும் இல்லாமல் போனால், அந்தக் குறுக்கீடு பாடலோடு நிலையாகத் தங்கிவிடும். பகிர்கிற நண்பர்கள் லேபிளின் இரு பக்கங்களையும் படம் எடுத்துப் பாடலோடு சேர்த்துத் தரலாகாதா என்று கேட்கிறேன்.

சேலம் சேகரிப்பாளர் எழுதியது:

கொடுமுடி அண்ணாவுக்கு வணக்கம். தங்கள் வேண்டுகோள் நியாயமானது. ஆயினும் விவரத்தை மறைப்பவர்கள் ஏன் மறைக்கிறார்கள் என்பதையும் இங்கே ஒருவர் சொல்ல வேண்டும்.

நம் பகுதியில் எஞ்சியிருக்கும் தட்டுகளில் பெரும்பங்கு, திருமணத்துக்கும் மாரியம்மன் நோம்பிக்கும் ஒலிபெருக்கிக் குழாய் கட்டிப் பாட்டுப் போட்ட ரேடியோ செட்காரர்களிடமிருந்து வந்தவை. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் படமானாலும் கோவை பட்சிராஜா படமானாலும், படம் ஓடத் தொடங்கியதும் பாட்டுத் தட்டை வாங்கி வைப்பது அவர்கள் தொழிலுக்கு முதலீடு. ஒலிநாடா வந்ததும் தட்டுகள் அட்டாலிக்கு (பரணுக்கு)ப் போயின. வீடு இடிக்கும்போது பழைய இரும்புக் கடைக்குப் போயின. அரக்கில் செய்த தட்டு கீழே விழுந்தால் உடையும். படுக்கையாக அடுக்கி மேலே பாரம் ஏற்றினால் வளைந்துவிடும். இவற்றைத் தேடி ஊர் ஊராக அலைந்து, கைப்பணம் கொடுத்து வாங்கி, கழுவி, நிமிர்த்தி வைத்துக் காப்பாற்றியவர்கள் தனி மனிதர்கள். எந்த அரசு நிறுவனமும் எங்கள் தெருவுக்கு வந்து ஒரு தட்டைக் கேட்டதில்லை.

இப்படிக் காத்த பாடலை இணையத்தில் ஏற்றிய சில நாட்களில் வேறொருவர் அதை எடுத்து, தம்முடையது என்று தம் பக்கத்தில் போட்டுக்கொள்கிறார். பென் டிரைவில் அடைத்துச் சந்தையில் விற்பவர்களும் உண்டு. குரல் முத்திரை பதிப்பவர் அந்த மனவேதனையில்தான் பதிக்கிறார். தட்டு எண்ணைச் சொன்னால் விற்பவர் விலையை ஏற்றிவிடுவார் என்னும் அச்சமும் இருக்கிறது. சேகரிப்பாளர்களுக்குள் பாட்டுக்குப் பாட்டு மாற்றிக்கொள்ளும் வழக்கம் நெடுங்காலமாக உள்ளது. ஒன்றைக் கொடுத்தால்தான் ஒன்று கிடைக்கும் என்ற அந்த ஒழுங்கு குறுகிய மனம் போலத் தோன்றலாம். ஆனால் தட்டைப் பேணத் தெரிந்தவர் கையில் தட்டு தங்கியதற்கு அதுவும் ஒரு காரணம்.

பெருந்துறை இளையவன் எழுதியது:

அய்யா, மாற்றிக்கொள்ளக் கையில் ஒரு தட்டும் இல்லாத என் போன்றவர்கள் கேட்கவே கூடாதா? என் அப்பாருக்கு (தாத்தாவுக்கு) நாடகப் பாடகர் கிட்டப்பாவின் பாட்டு உயிர். அவர் கேட்க விரும்பிய பாட்டு ஒருவரிடம் இருந்தது. பதிலுக்குத் தர எங்களிடம் ஒன்றும் இல்லாததால் அது கிடைக்கவில்லை. பதுக்கி வைத்தவருக்குப் பின் அந்தத் தட்டுகள் எங்கே போகும் என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டுகிறேன்.

அவிநாசி ஒலிப்பதிவாளர் எழுதியது:

பழைய தட்டுகளையும் நாடாக்களையும் கணினிக்கு மாற்றுவதுதான் என் வேலை. விவரம் சேர்ந்தே வர வேண்டும் என்பதற்கு என் தொழிலிலிருந்தும் காரணங்கள் உண்டு.

78 என்று சொல்கிறோமே தவிர, பழைய தட்டுகள் எல்லாம் அந்த வேகத்திலேயே பதிவானவை அல்ல. 80இல் பதிந்தவை உண்டு. அதற்கும் 75க்கும் இடையே பலவாறாகப் பதிந்தவையும் உண்டு. 80இல் பதிந்ததை 78இல் ஓட்டினால் சுருதி, அதை அளக்கும் கட்டைக் கணக்கில், அரைக் கட்டையில் ஏறக்குறைய பாதி இறங்கிவிடும். கிட்டப்பா எத்தனை கட்டையில் பாடினார், சுந்தராம்பாள் அம்மையார் எத்தனை கட்டையில் பாடினார் என்று அன்பர்கள் நடத்தும் வாதங்களில் பல, எந்த வேகத்தில் ஓட்டினோம் என்று குறிக்காமல் பகிர்ந்த கோப்புகளை வைத்து நடப்பவை. நாடகப் பாடகர்களின் தட்டுகளில் பெரும்பாலும் ஆர்மோனியம் ஒலிக்கும். அதன் சுரம் நிலையானது. ஓட்டும்போது அது இரண்டு கட்டைகளுக்கு நடுவே தொங்கினால் வேகத்தைச் சந்தேகிக்கலாம். அக்காலத்து ஆர்மோனியங்கள் எல்லாம் ஒரே அளவில் சுருதி சேர்க்கப்பட்டவை அல்ல என்பதால் இது முடிந்த சான்றாகாது. ஆயினும் வழி காட்டும். இதைச் சரிபார்க்க வேண்டுமானால் நிறுவனப் பெயரும், லேபிளை ஒட்டிய வழவழப்பான பகுதியில் பொறித்திருக்கும், பதிவைக் குறிக்கும் மேட்ரிக்ஸ் எண்ணும் தேவை. ஒரே அமர்வில் பதிவான தட்டுகளின் எண்கள் அடுத்தடுத்து வரும் என்பதால், ஒன்றின் வேகம் தெரிந்தால் மற்றவற்றுக்கும் பயன்படும்.

பின்னாளில் வந்த, நீண்ட நேரம் ஓடும் எல்.பி. தட்டுக்குரிய ஊசியால் 78ஐ ஓட்டாதீர்கள். எல்.பி. ஊசியின் முனை ஏறக்குறைய 18 மைக்ரான். 78இன் அகன்ற பள்ளத்துக்கு 75 மைக்ரான் அளவுள்ள முனை வேண்டும். சிறிய ஊசி பள்ளத்தின் அடியில் கிடந்து உருண்டு இரைச்சலை மட்டும் அள்ளிக்கொண்டு வரும். ரேடியோ செட்காரர்களின் தட்டுகள் இரும்பு ஊசியால் பலமுறை தேய்ந்தவை. அவற்றுக்குச் சற்றுப் பெரிய அல்லது சிறிய முனையை மாற்றிப் பார்த்தால், தேயாமல் எஞ்சிய சுவரைத் தொட்டுத் தெளிவான ஒலி கிடைப்பதுண்டு. தட்டைத் துடைக்க ஸ்பிரிட்டைத் தொடவே கூடாது. அரக்கு அதில் கரைந்துவிடும். பள்ளம் அழிந்த தட்டை மீட்க வழியே இல்லை.

எல்லாவற்றிலும் எனக்குப் பெரிய கவலை இரைச்சல் நீக்கம். மென்பொருளால் சலசலப்பை முழுவதும் துடைக்கும்போது மேல்சுரங்களின் கூர்மையும் விரைந்து உருளும் பிருகாக்களின் விளிம்பும் உடன் போய்விடுகின்றன. அப்படித் துடைத்ததை எம்.பி.3 ஆகச் சுருக்கிவிட்டு மூலப் பதிவை அழிப்பது விதைக்கு வைத்த நெல்லை வேகவைப்பதற்கு ஒப்பாகும். 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் அளவில் வேவ் அல்லது ஃபிளாக் கோப்பாக, ஒன்றும் நீக்காத மூலத்தை முதலில் சேமியுங்கள். கேட்பதற்கு இனிய படியை அதிலிருந்து எப்போது வேண்டுமானாலும் செய்துகொள்ளலாம். நாளை இன்னும் நல்ல கருவி வரும்போது மீண்டும் செய்யலாம். எல்.பி.க்காகச் செய்த பெருக்கிகள் 1954க்குப் பின் பொதுவாகிய ஒலிச்சமனை (தாழ்ந்த, உயர்ந்த ஒலிகளைக் கூட்டிக் குறைக்கும் முறையை)ப் பழைய தட்டுக்கும் பூசிவிடுகின்றன என்பதால், அதையும் குறித்து வைத்தால் பின்னால் வருபவர் திருத்திக்கொள்வார்.

கோவை வழக்குரைஞர் எழுதியது:

சட்டத்தைப் பற்றி யாரும் பேசவில்லை. ஆனால் பகிர்வைப் பற்றிய பேச்சு அதில்லாமல் நிறைவுறாது. சந்தையில் கிடைக்காத பாடல் என்பதால் அது உரிமையாளர் இல்லாத பாடல் ஆகிவிடாது. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வது நம்மிடையே மிகுதியாக இருக்கிறது.

1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி ஒலிப்பதிவுக்கான உரிமை, அது வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள் நீடிக்கும். ஆகவே 1964 முடிய வெளியான தட்டுகளின் ஒலிப்பதிவு உரிமை 2025 சனவரி 1ஆம் நாளுக்குள் முடிந்துவிட்டது. ஆண்டுக்கு ஓராண்டுத் தட்டுகள் இவ்வாறு விடுபட்டுவரும். எழுபதுகளின் இறுதியில் வந்த எல்.பி. தட்டுகளும் எண்பதுகளின் ஒலிநாடாக்களும் எத்தனை அரியவையாக இருந்தாலும் இன்னும் உரிமைக்கு உட்பட்டவை. அவற்றை உரிமையாளரின் இசைவின்றி ஏற்றுவதை என்னால் ஆதரிக்க இயலாது.

ஒலிப்பதிவு உரிமை முடிந்தாலும் பாடல் வரிக்கும் மெட்டுக்கும் தனி உரிமை உண்டு. அது படைத்தவர் மறைந்த பின் 60 ஆண்டுகள் தொடரும். கோவை சென்ட்ரல் ஸ்டுடியோவில் உருவாகி 1943இல் வெளிவந்த சிவகவியை எடுத்துக்கொள்ளுங்கள். படத்துக்கும் தட்டுக்கும் உரிமைக்காலம் கடந்துவிட்டது. ஆனால் அதன் பாடல்களை எழுதிய பாபநாசம் சிவன் மறைந்தது 1973இல். எனவே வரிகளின் உரிமை 2033 முடியும் வரை இருக்கிறது. பாரதியார் பாடல்களுக்கு இந்தத் தடை இல்லை. அவற்றின் உரிமையை 1949இல் அரசே பெற்று, பின்னர் பொதுவாக்கிவிட்டது. லேபிளில் பாடலாசிரியர் பெயரைப் பார்த்துக் குறித்து வையுங்கள் என்று கொடுமுடிக்காரர் கேட்பது ஆய்வுக்கு மட்டும் உதவும் செய்தியன்று. எதைப் பகிரலாம் என்று தீர்மானிப்பதே அந்தப் பெயரை வைத்துத்தான்.

கோப்பை எந்த நாட்டுத் தளத்தில் ஏற்றுகிறோம் என்பதையும் பார்க்க வேண்டும். அமெரிக்காவில் 2018ஆம் ஆண்டுச் சட்டப்படி 1923க்கு முந்திய ஒலிப்பதிவுகள் 2022 தொடக்கத்தில் பொதுவாயின. 1923 முதல் 1946 முடிய வெளியானவற்றுக்கு 100 ஆண்டுப் பாதுகாப்பு உண்டு. 78 சுழற்சித் தட்டுகளைப் பெருமளவில் மின்வடிவாக்கி வழங்கிய இணைய நூலகமான இன்டர்நெட் ஆர்க்கைவ் மீது பெரிய இசை நிறுவனங்கள் 2023இல் வழக்குத் தொடுத்தன; 2025இல் அது சமரசத்தில் முடிந்தது. நம் நாட்டில் விடுதலை பெற்ற தட்டு அங்கே இன்னும் கட்டுக்குள் இருக்கலாம். ஆகவே ஒரே தளத்தை நம்பி மூலக் கோப்பை அங்கே மட்டும் வைத்திருப்பவர்கள் உடனே வீட்டிலும் ஒரு படி வைத்துக்கொள்ளட்டும்.

கொடுமுடிக்காரன் எழுதியது:

வழக்குரைஞர் அய்யாவுக்கும் அவிநாசி நண்பருக்கும் மிக்க நன்றி. சேலம் அண்ணா சொன்ன வேதனை எனக்கும் விளங்குகிறது. பகிர்ந்தவர் பெயரும் தட்டைக் காத்தவர் பெயரும் விவரக் குறிப்பில் முதல் வரியிலேயே இடம்பெற வேண்டும் என்பதை நான் மனமார ஏற்கிறேன். பாடலுக்குள் மட்டும் அது நுழைய வேண்டாம்.

காங்கயம் தோட்டத்துக்காரர் எழுதியது:

தட்டைப் பற்றியே பேசுகிறீர்கள். எங்கள் வீட்டில் இருப்பது வேறு வகை. அதைப் பகிரலாமா என்று எனக்குத் தெளிவு கிடைக்கவில்லை. ஆகவே உங்கள் முன் வைக்கிறேன்.

எண்பதுகளில் எங்கள் கோயில் நோம்பிக்கு உடுக்கையடிப் பாட்டுக்காரர் வந்து அண்ணன்மார் கதையை இரவுதோறும் பாடினார். என் மாமன் அதை டேப் ரிக்கார்டரில் பதிந்து வைத்தார். பொன்னர், சங்கர், தங்காள் கதை முழுவதும் அந்த நாடாக்களில் இருக்கிறது. பாடியவர் மறைந்துவிட்டார், அவர் மகன்கள் பக்கத்து ஊரில் இருக்கிறார்கள், அவர்களுள் மூத்தவர் இன்றும் பாடுகிறார். எந்தக் கடையிலும் விற்பனைக்கு வராத, எந்த நிறுவனமும் வெளியிடாத இந்தப் பாட்டு, நீங்கள் தேடும் தட்டுகளை விடவும் அரியது. தட்டுக்கு எங்கேயோ ஒரு படி இருக்கும் என்று நம்பலாம். இதற்கு வேறு படி கிடையாது.

எங்கள் பெரியவர்கள் இதில் ஒரு பகுதியைப் பற்றி ஐயம் கொள்கிறார்கள். கதையில் வீரர்கள் போரில் மாண்டு விழும் படுகளம் பாடும் இரவில் கோயில் வாசலில் ஆட்கள் அருள் வந்து சாய்வதும், பின்னர் அவர்களை எழுப்புவதும் சடங்கு. அந்தப் பகுதியை முறைப்படி பூசை இல்லாமல் வீட்டிலோ வண்டியிலோ போட்டுக் கேட்கக் கூடாது என்பது அவர்கள் நம்பிக்கை. உலகத்தில் எவரும் எந்த நேரத்திலும் அழுத்திக் கேட்கும்படி அதை ஏற்றினால், ஊருக்குத் தெரிந்தால் மனக்கசப்பு வரும். ஏற்றாமல் விட்டால் நாடா பூஞ்சை பிடித்துப் போகும். மாமன் பதிந்ததால் எங்களுக்கு உரிமை வந்துவிட்டதா, பாடியவர் வீட்டாருக்கு உரிமையா, கோயிலுக்கா என்பதும் எனக்குத் தெரியவில்லை.

திருச்செங்கோட்டு ஆசிரியை எழுதியது:

தம்பி, நீங்கள் வைத்திருப்பதைக் கேட்டதும் மனம் நிறைந்தது. நாட்டார் வழக்காற்றைப் படிப்பிப்பவள் என்ற முறையில் சில சொல்கிறேன்.

உங்கள் காங்கயத்துக்கு அருகிலுள்ள ஓலப்பாளையத்தில் தங்கி ஆய்வு செய்த கனடா நாட்டு மானிடவியலாளர் பிரெண்டா பெக், 1965இல் இதே கதையை உடுக்கைப் பாட்டுக்காரர்கள் பாட ஒலிநாடாவில் பதிந்தார். கதையின் இருமொழிப் பதிப்பு 1992இல் சென்னை ஆசியவியல் நிறுவனத்தின் வழியே வெளிவந்தது. அரை நூற்றாண்டுக்குப் பின்னும் அந்தப் பதிவு ஆய்வுக்குப் பயன்படுவதற்குக் காரணம், யார் பாடினார், எந்த ஊர், எந்தச் சூழல் என்று எல்லாவற்றையும் அவர் எழுதி வைத்ததே. உங்கள் நாடாக்களின் மதிப்பும் அதேபோல உங்கள் குறிப்பால்தான் கூடும். மாமன் இருக்கும்போதே கேட்டு எழுதுங்கள்: எந்தக் கோயில், எந்த மாதம், எத்தனையாவது இரவு எந்த நாடாவில், பின்பாட்டுப் பாடியவர் யார், கதைக்கு நடுவே பாட்டுக்காரர் யாரைப் பெயர் சொல்லி அழைக்கிறார் என்பன அவருக்குத்தான் தெரியும். இப்போது எழுதாவிட்டால் நாடா நலமாக இருந்தாலும் பாதிச் செய்தி போய்விடும்.

உரிமையைப் பொறுத்தவரை என் கருத்து தெளிவானது. பாடியவரின் மகன்களிடம் நேரில் போய், நாடா ஓடும் கருவியோடு போய், அப்பாவின் குரலை அவர்களுக்குக் கேட்கச் செய்து, பிறகு கேளுங்கள். முதல் படி அவர்களுக்கே போகட்டும். அந்த மூத்தவர் இன்றும் இதைப் பாடிப் பிழைப்பவர் என்றால், அவர் அப்பாவின் பாட்டை இலவசமாக உலகுக்கு வழங்குவது அவர் வருவாயைப் பாதிக்குமா என்பதை அவர் வாயாலேயே கேட்க வேண்டும். நாட்டுப்புறப் பாட்டு பொதுச்சொத்து என்று நகரத்தில் இருந்துகொண்டு சொல்வது எளிது. கதை பொதுவாக இருக்கலாம். அந்த இரவில் அந்தக் குரலில் எழுந்த பாட்டு அவருடைய உழைப்பு. பதிப்புரிமைச் சட்டத்தின் 1994ஆம் ஆண்டுத் திருத்தம் நிகழ்த்துவோருக்குத் தனி உரிமை வழங்கியதும் இந்த எண்ணத்தால்தான்.

படுகளத்தைப் பற்றி: பாதுகாப்பதும் பரப்புவதும் ஒன்றாகத்தான் நடக்க வேண்டும் என்பதில்லை. எல்லா நாடாக்களையும் மாற்றிச் சேமியுங்கள். பெரியவர்கள் ஒப்பும் இரவுகளை மட்டும் பொதுவில் வையுங்கள். படுகளப் பகுதியின் படிகள் கோயிலிலும் பாட்டுக்காரர் வீட்டிலும் இருக்கட்டும். 1982இல் தொடங்கப்பட்டு இப்போது குர்கானில் இயங்கும் இசையியல் ஆவணக் காப்பகம் போன்ற இடங்களில், ஒப்படைப்பவர் விதிக்கும் நிபந்தனையோடு பதிவுகளைப் பாதுகாத்து வைக்கும் முறை உள்ளது. பின்னொரு தலைமுறை வேறு முடிவு எடுத்தாலும் எடுக்கக் கையில் பதிவு இருக்கும். ஒன்றை மட்டும் தயவுசெய்து செய்யாதீர்கள்: உருக்கமான இடங்களை மட்டும் வெட்டித் துண்டு துண்டாகப் போடாதீர்கள். உடுக்கையை அனலில் காட்டிச் சுருதி ஏற்றும் இடைவெளியும், கேட்பவர்கள் இடையிட்டுக் கேட்கும் கேள்வியும், குழந்தை அழுகையும் அந்த நிகழ்வின் உறுப்புகள்.

சேலம் சேகரிப்பாளர் எழுதியது:

அம்மணி எழுதியதைப் படித்தபோது, எங்கள் மாற்றுவழக்கத்தில் இல்லாத ஒன்று புலப்பட்டது. நாங்கள் தட்டை வைத்திருப்பவரோடு மட்டுமே கணக்குப் பார்த்தோம். 60 ஆண்டு கடந்த தட்டுகளைப் பொறுத்தவரை, லேபிள் படத்தையும் இரு பக்க விவரத்தையும் என் பங்குக்கு நான் வெளியிடுகிறேன். எண்ணைத் தெரிந்துகொண்டு யாரேனும் விலை ஏற்றினால் ஏற்றட்டும். பெருந்துறைத் தம்பி அப்பாரு கேட்ட பாட்டு எது என்று தனியே எழுதவும். என்னிடம் இருந்தால் பதிலுக்கு எதுவும் வேண்டாம். விற்பதற்காக எடுத்துக்கொண்டு போகிறவர்களை என்ன செய்வது என்பதற்கு மட்டும் இன்னும் எவரும் விடை சொல்லவில்லை.

கோவை வழக்குரைஞர் எழுதியது:

பொதுவாகிவிட்ட ஒலிப்பதிவை ஒருவர் விற்பதைச் சட்டத்தால் தடுக்க இயலாது. விவரத்தோடும் மூலத் தரத்தோடும் இலவசப் படி ஒன்று அனைவருக்கும் எட்டும் இடத்தில் இருந்தால், விலை கொடுத்து வாங்கும் தேவை பலருக்கு இராது என்பதே நான் சொல்லக்கூடியது.

காங்கயம் தோட்டத்துக்காரர் எழுதியது:

ஆசிரியை அக்காவுக்கு நன்றி. வரும் ஞாயிறு மாமனோடு உட்கார்ந்து எழுதத் தொடங்குகிறேன். பிறகு இருவருமாகப் பாட்டுக்காரர் வீட்டுக்குப் போகிறோம். அவர்கள் ஒப்பும்வரை ஒரு நாடாவையும் ஏற்ற மாட்டேன். அவிநாசி அண்ணா, நாடாக்கள் பல ஆண்டுகளாக ஓடவில்லை. சிலவற்றில் வெள்ளைப் பொடி போலத் தெரிகிறது. எங்கள் பழைய டேப் ரிக்கார்டரில் போட்டுப் பார்க்கலாமா?

அவிநாசி ஒலிப்பதிவாளர் எழுதியது:

தம்பி, போடாதீர்கள். வெள்ளையாகத் தெரிவது பூஞ்சையாக இருக்கலாம்; ஒன்றை ஓட்டினால் கருவியின் தலை வழியாக மற்ற நாடாக்களுக்கும் பரவும். பூஞ்சை உள்ளவற்றைத் தனிப் பையில் பிரித்து வையுங்கள். 90 நிமிடத்துக்கு மேற்பட்ட நாடாக்கள் மிக மெல்லியவை. அவை இழுபட்டு அறுந்துவிடும் என்பதால் அவற்றையும் தனியே எடுத்து வையுங்கள். உள்ளே நாடாவை அழுத்தும் சிறு பஞ்சுப் பட்டை உதிர்ந்திருந்தால் புதிய கூட்டுக்கு மாற்ற வேண்டியிருக்கும். அதை நான் செய்து தருகிறேன். பதிந்த அந்த டேப் ரிக்கார்டர் இன்னும் வீட்டில் இருந்தால் அதையும் எடுத்து வாருங்கள். அதன் தலை எந்தக் கோணத்தில் சாய்ந்திருந்தது என்று பார்த்து, என் கருவியின் தலையை அதற்கேற்பத் திருகி வைத்தால் உடுக்கையின் ஒலி மங்காமல் கிடைக்கும். நாடாப் பெட்டிகளின் மேல் மாமன் எழுதிய அட்டைகளைக் கிழித்துவிடாமல் அப்படியே கொண்டுவாருங்கள். முதலில் அவற்றைப் படம் எடுத்துக்கொள்வோம். இதற்குக் கட்டணம் எதுவும் இல்லை.